அரங்கமே சிரித்த அந்த மாலை: சந்திரசேகர் தன் கணக்கை நம்பிய கதை

1935 ஜனவரி 11. லண்டன் பர்லிங்டன் ஹவுஸில் ராயல் வானியல் கழகத்தின் கூட்டம். 24 வயது இளைஞர் ஒருவர் பேச எழுகிறார். சென்னை மயிலாப்பூரில் வளர்ந்தவர். நான்கு ஆண்டுகளுக்கும் மேலாக மனதில் சுமந்துகொண்டிருந்த ஒரு கணக்கை அரை மணி நேரத்தில் விளக்கிவிட்டு உட்காருகிறார்.

அடுத்துப் பேசியவர் ஆர்தர் எடிங்டன். அந்தக் காலத்து வானியலில் அவர் வைத்ததுதான் சட்டம். அவர் அந்த இளைஞரின் முடிவை அபத்தம் என்கிறார். நடுநடுவே கிண்டல் வேறு. அரங்கம் சிரிக்கிறது. பதில் சொல்ல அந்த இளைஞருக்கு வாய்ப்பே கொடுக்கப்படவில்லை.

மாதக்கணக்கில் உழைத்துத் தயாரித்த ஒன்றை ஆபீஸ் மீட்டிங்கில் சீனியர் ஒருவர் எல்லோர் முன்னாலும் கேலி செய்தால் எப்படி இருக்கும்? அன்று இரவே நமக்கு நம் மேலேயே சந்தேகம் வந்துவிடும். நாம்தான் எங்கேயோ தப்பு செய்துவிட்டோமோ என்று தோன்றும். அந்த இளைஞருக்கும் அது தோன்றியது. ஆனால் அதற்குப் பிறகு அவர் செய்த காரியங்கள்தான் சுப்ரமணியன் சந்திரசேகர் என்ற பெயரை இன்றும் பேச வைக்கின்றன.

ஐ.சி.எஸ். கனவு யாருடையது?

சந்திரசேகர் பிறந்தது 1910 அக்டோபர் 19 அன்று, லாகூரில். அப்பா சி. சுப்ரமணிய அய்யர் அரசுக் கணக்குத் துறையில் உயர் அதிகாரி. வேலை மாற்றத்தால் குடும்பம் ஊர் ஊராகப் போய், 1918-ல் சென்னைக்கு வந்து சேர்ந்தது. பத்துப் பிள்ளைகள் இருந்த வீட்டில் மூத்த ஆண் பிள்ளை இவர். அந்தக் காலத்து வீட்டில் மூத்த மகன் என்றால், அவன் என்ன படிக்க வேண்டும், என்ன வேலைக்குப் போக வேண்டும் என்பதெல்லாம் அவனைக் கேட்டு முடிவாகும் விஷயங்கள் அல்ல.

அப்பாவின் ஆசை ஐ.சி.எஸ். இன்றைக்கு ஐ.ஏ.எஸ். என்றால் எப்படியோ, அன்றைக்கு அதைவிடப் பெரிய மரியாதை. மகனுக்கோ கணிதத்தின் மேல் பிரியம். பிரசிடென்சி கல்லூரியில் அப்பாவுக்காக இயற்பியல் ஆனர்ஸில் சேர்ந்தார். ஆனால் கணித வகுப்புகளிலும் போய் உட்கார்ந்துகொண்டார். வீட்டில் சண்டை போடவும் இல்லை, ஆசையை விட்டுக்கொடுக்கவும் இல்லை. இந்தக் குணம் கடைசி வரை அவரிடம் இருந்தது.

அப்பாவின் தம்பி சர் சி. வி. ராமன். அப்படிப்பட்ட சித்தப்பா இருக்கும்போது எல்லோரும் ஒப்பிடத்தான் செய்வார்கள். சந்திரசேகர் அந்த நிழலில் ஒதுங்கப் போகவில்லை. 1928-ல் ஜெர்மன் இயற்பியலாளர் ஆர்னால்ட் சோமர்ஃபெல்ட் சென்னைக்கு வந்தபோது, யார் சிபாரிசும் இல்லாமல் அவர் தங்கியிருந்த ஹோட்டலுக்கே போய்ப் பார்த்தார். இவர் படித்துவைத்திருந்த குவாண்டம் இயற்பியல் பழசாகிவிட்டது என்று சோமர்ஃபெல்ட் சொன்னது பெரிய அடி. ஆனால் இன்னும் அச்சாகாத தன் கட்டுரைப் படிகளையும் அவர் கொடுத்துவிட்டுப் போனார். அதை வைத்து ஆரம்பத்திலிருந்து மறுபடி படித்தார். அந்தப் பாதையில் எழுதிய கட்டுரை அடுத்த ஆண்டே லண்டன் ராயல் சொசைட்டியின் ஆய்விதழில் வந்தது. அப்போது அவர் கல்லூரி மாணவர்.

அம்மா எடுத்த முடிவு

1930-ல் கேம்பிரிட்ஜ் போய்ப் படிக்க அரசு உதவித்தொகை கிடைத்தது. ஆனால் வீட்டில் நிலைமை சரியில்லை. அம்மா சீதாலட்சுமி கடும் நோயில் படுத்திருந்தார். போனால் மறுபடி பார்ப்போமா என்பதே நிச்சயமில்லை. இந்த நேரத்தில் மூத்த மகன் கப்பல் ஏறலாமா என்று உறவுகள் கேட்கத்தானே செய்யும்?

போகச் சொன்னவர் அம்மாதான். சீதாலட்சுமி சாதாரணப் பெண் இல்லை. கல்யாணத்துக்குப் பிறகு தானாகவே ஆங்கிலம் கற்று, இப்சனின் நாடகம் ஒன்றைத் தமிழில் மொழிபெயர்த்தவர். மகன் தன் மனசுக்குப் பிடித்ததைச் செய்ய வேண்டும் என்பதில் அவர் உறுதியாக இருந்தார். ஜூலை 31 அன்று பம்பாயிலிருந்து கப்பல் கிளம்பியது. அடுத்த ஆண்டு மே மாதம் அம்மா இறந்துபோனார். மகன் அப்போது இங்கிலாந்தில்.

தன் வழியில் போகிறவர்களின் கதையைச் சொல்லும்போது இந்த மாதிரி இழப்புகளை நாம் வேகமாகத் தாண்டிப் போய்விடுகிறோம். சந்திரசேகரால் அப்படித் தாண்டிப் போக முடியவில்லை. தனிமையும் குற்ற உணர்வும் கேம்பிரிட்ஜின் முதல் ஆண்டுகளில் அவரை வாட்டின.

கப்பலில் போட்ட கணக்கு என்ன?

சூரியன் போன்ற ஒரு நட்சத்திரத்தின் எரிபொருள் தீர்ந்தால் என்ன ஆகும்? அதன் எடையே அதை உள்நோக்கி அமுக்கும். அப்படி அமுங்கி, பூமி அளவுக்குச் சுருங்கிப்போன நட்சத்திரத்தை வெண்குறுமீன் என்கிறார்கள். அதில் ஒரு ஸ்பூன் பொருளை எடுத்தால் டன் கணக்கில் எடை இருக்கும்.

அதற்கு மேலும் சுருங்காமல் அதைத் தாங்கிப் பிடிப்பது எது? எலக்ட்ரான்கள். நெரிசலான பஸ்ஸில் ஒரு சீட்டில் ஒருவர்தான் உட்கார முடியும் என்று கண்டிப்பான விதி இருப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். எவ்வளவு தள்ளினாலும் இரண்டு பேர் ஒரே சீட்டில் உட்கார முடியாது. எலக்ட்ரான்களுக்கும் அப்படி ஒரு விதி உண்டு. வுல்ஃப்காங் பாலி கண்டுபிடித்த விதி அது. அமுக்க அமுக்க எலக்ட்ரான்கள் எதிர்த்துத் தள்ளும். இதை வைத்து, எந்த நட்சத்திரமும் கடைசியில் வெண்குறுமீனாக அமைதி அடையும் என்று 1926-ல் கேம்பிரிட்ஜ் பேராசிரியர் ரால்ஃப் ஃபௌலர் விளக்கியிருந்தார்.

கப்பலில் 19 வயது சந்திரசேகர் கேட்ட கேள்வி எளிமையானது. அமுக்கம் கூடக் கூட எலக்ட்ரான்களின் வேகமும் கூடும். அது ஒளியின் வேகத்தை நெருங்கினால் ஐன்ஸ்டைனின் சார்பியல் கோட்பாட்டைக் கணக்கில் சேர்க்க வேண்டாமா? சேர்த்துப் பார்த்தார். விடை அவருக்கே விநோதமாக இருந்தது. ஒளியின் வேகத்தைத் தாண்ட முடியாது என்பதால், எலக்ட்ரான்களின் எதிர்ப்பும் ஓர் எல்லைக்கு மேல் ஈடுகொடுக்காது. குறிப்பிட்ட எடைக்கு மேல் உள்ள எந்த நட்சத்திரமும் வெண்குறுமீனாக நிலைக்க முடியாது. சுருங்கிக்கொண்டே போகும்.

அந்த எல்லை, இன்றைய கணக்கில் சூரியனைப் போல் சுமார் 1.4 மடங்கு. அதற்கு மேல் போனால் என்ன ஆகும்? நியூட்ரான் நட்சத்திரம், கருந்துளை என்று இன்றைக்குப் பள்ளிப் பிள்ளைகளே சொல்வார்கள். அன்றைக்கு அந்தக் கேள்வியே யாருக்கும் ரசிக்கவில்லை. கேம்பிரிட்ஜில் இந்தக் கட்டுரைக்கு உற்சாகமான வரவேற்பு கிடைக்காததால், அமெரிக்க இதழுக்கு அனுப்பினார். 1931-ல் அச்சானது. யாரும் பெரிதாகக் கண்டுகொள்ளவில்லை.

கூட இருந்து பார்த்தவரே...

1933-ல் டாக்டர் பட்டம். அதே ஆண்டு டிரினிட்டி கல்லூரியின் ஃபெல்லோ ஆனார். கணித மேதை ராமானுஜனுக்குப் பிறகு அந்தக் கௌரவம் பெற்ற இந்தியர் இவர்தான். அடுத்த ஆண்டு தன் பழைய கணக்கைத் தூசி தட்டி எடுத்து, எந்தத் தோராயமும் இல்லாமல் முழுமையாகப் போட ஆரம்பித்தார். கையால் சுற்றும் கணக்கு இயந்திரத்தில் மாதக்கணக்கில் எண்களோடு மல்லுக்கட்டு.

அந்த நாட்களில் அவர் அறைக்கு அடிக்கடி வந்து, வேலை எங்கே நிற்கிறது என்று விசாரித்தவர் எடிங்டன். 1919 சூரிய கிரகணத்தின்போது ஐன்ஸ்டைனின் கோட்பாட்டைச் சோதித்துக் காட்டி உலகப் புகழ் பெற்றவர். கல்லூரி நாளில் சந்திரசேகர் பரிசாகப் பெற்ற புத்தகம் எடிங்டன் எழுதியதுதான். கிட்டத்தட்ட ஏகலைவன் கதை. அப்படிப்பட்டவர் வந்து பக்கத்தில் உட்கார்ந்து எண்களைப் பார்க்கிறார் என்றால், அது அங்கீகாரம் இல்லாமல் வேறென்ன?

அதனால்தான் ஜனவரி 11 அடி அவ்வளவு ஆழமாக இறங்கியது. கூட்டத்தில் தானும் இதே விஷயத்தைப் பேசப் போவதாகத் தெரிந்த பிறகும், என்ன பேசப் போகிறேன் என்பதை எடிங்டன் முன்கூட்டிச் சொல்லவில்லை. மேடையில் அவர் வைத்த வாதத்தின் சாரம் இதுதான்: நட்சத்திரம் இப்படி அபத்தமாக நடந்துகொள்ளாமல் தடுக்க இயற்கையில் ஏதாவது ஒரு விதி இருந்தே தீர வேண்டும், சந்திரசேகர் பயன்படுத்திய சூத்திரமே தப்பு. கணக்கில் எந்த இடத்தில் பிழை என்று அவர் காட்டவில்லை. பெயரும் பேச்சுத் திறமையும் போதுமானதாக இருந்தன. கூட்டம் முடிந்ததும் பலர் வந்து சந்திரசேகரிடம் அனுதாபம் சொல்லிவிட்டுப் போனார்கள். சாவு வீட்டில் சொல்வதுபோல.

சரிதான், ஆனால் வெளியே சொல்ல மாட்டோம்

சந்திரசேகர் இதற்குப் பிறகு செய்ததைக் கவனிக்க வேண்டும். உலகமே என்னைப் புரிந்துகொள்ளவில்லை என்று அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்ளவில்லை. பெரியவர் சொல்லிவிட்டார் என்று கணக்கைக் கிழித்துப் போடவும் இல்லை. கணக்கு சரியா தப்பா என்று மட்டும் தெரிந்துகொள்ள விரும்பினார். கோபன்ஹேகனில் இருந்த நண்பர் லியோன் ரோசன்ஃபெல்டுக்கு எழுதினார். நீல்ஸ் போரிடம் விஷயம் போனது. பாலியிடமும் போனது. எலக்ட்ரான் விதிக்குச் சொந்தக்காரரே அவர்தானே, அவரைவிடப் பெரிய நீதிபதி யார்?

அத்தனை பேரின் பதிலும் ஒன்றுதான். சந்திரசேகர் சொல்வது சரி, எடிங்டன் சொல்வதில் அர்த்தமில்லை. அப்படியென்றால் அதைப் பகிரங்கமாக எழுதித் தர முடியுமா? அங்கேதான் எல்லோரும் பின்வாங்கினார்கள். வானியல் எங்கள் துறை இல்லை, எதற்கு வீண் வம்பு. அதே ஆண்டு பாரிஸில் நடந்த சர்வதேச வானியல் மாநாட்டிலும் எடிங்டன் தன் வாதத்தைத் திரும்பச் சொன்னார். அங்கும் சந்திரசேகருக்குப் பேச வாய்ப்பு கிடைக்கவில்லை.

நம் வேலை சரியா என்று விஷயம் தெரிந்தவர்களிடம் கேட்பது ஒன்று. சரி என்று ஊர் முன்னால் கை தட்டும் வரை காத்திருப்பது வேறு. முதலாவதை சந்திரசேகர் விடாமல் செய்தார். இரண்டாவது கிடைக்கவே போவதில்லை என்று தெரிந்ததும், அதற்காகக் காத்திருப்பதை நிறுத்தினார். சுலபமாக நிறுத்தவில்லை, அதற்குச் சில ஆண்டுகள் பிடித்தன.

சண்டையை விட்டார், கணக்கை விடவில்லை

1936-ல் சென்னை வந்து லலிதா துரைசாமியைக் கல்யாணம் செய்துகொண்டார். பிரசிடென்சி கல்லூரியில் அவருக்கு ஒரு வகுப்பு ஜூனியராக இயற்பியல் படித்தவர் லலிதா. விதவைப் பெண்களின் கல்விக்காகப் பாடுபட்ட சகோதரி சுப்புலட்சுமியின் குடும்பத்துப் பெண். பெரியவர்கள் பெண் பார்த்து முடித்த கல்யாணம் இல்லை. இருவரும் தாங்களே எடுத்த முடிவு. ஆறு ஆண்டுகள் கடல் கடந்து பிரிந்திருந்து, நடுவில் தயக்கங்களும் வந்துபோன பிறகு எடுத்த முடிவு.

1937 தொடக்கத்தில் இருவரும் அமெரிக்கா போனார்கள். யெர்க்ஸ் வானாய்வகத்தின் இயக்குநர் ஓட்டோ ஸ்ட்ருவ் அழைத்த வேலை அது. அது சிகாகோ பல்கலைக்கழகத்துக்குச் சொந்தமான வானாய்வகம். மகன் இந்தியா திரும்ப வேண்டும் என்பது அப்பாவின் விருப்பம். எடிங்டனின் நிழல் விழாத இடம், நிம்மதியாக வேலை செய்யக்கூடிய இடம் வேண்டும் என்பது மகனின் கணக்கு. அமெரிக்காவிலும் எல்லாம் சுமுகமாக இல்லை. நிறத்தைக் காரணம் காட்டி இவர் பல்கலைக்கழக வளாகத்தில் பாடம் நடத்துவதை ஒரு டீன் எதிர்த்தார். தலைவர் ராபர்ட் ஹட்சின்ஸ் தலையிட்டு அந்தத் தடையை நீக்கினார்.

1939-ல் நட்சத்திரங்களின் அமைப்பு பற்றி ஒரு பெரிய புத்தகம் எழுதினார். சர்ச்சைக்குரிய தன் முடிவையும் அதில் முழுசாக, நிதானமாக, யார் மேலும் கோபம் காட்டாமல் எழுதி வைத்தார். அத்துடன் அந்தத் துறையை மூடிவைத்துவிட்டு வேறு துறைக்குப் போய்விட்டார்.

இது தோல்வியா? வெளியிலிருந்து பார்த்தால் அப்படித்தான் தெரியும். ஆனால் ஒருவரை ஒப்புக்கொள்ள வைக்கவே வாழ்நாள் முழுக்க அவர் பின்னால் ஓடினால், நம் நேரத்தையும் அவர் கையில் கொடுத்துவிட்டோம் என்றுதான் அர்த்தம். சந்திரசேகர் தன் நேரத்தைத் திரும்ப எடுத்துக்கொண்டார். கணக்கு புத்தகத்தில் இருக்கிறது. சரியென்றால் ஒருநாள் அதுவே பேசிக்கொள்ளும்.

இந்த விலகலே அவரது பாணியாக மாறியது. ஒரு துறையை எடுப்பார், சுமார் பத்து ஆண்டு அதில் மூழ்குவார், முழுமையான ஒரு புத்தகம் எழுதுவார், விட்டுவிடுவார். நட்சத்திரக் கூட்டங்களின் இயக்கம், ஒளி ஊடுருவும் விதம், பாய்மங்களின் நிலைத்தன்மை, கடைசியில் கருந்துளைகள். ஒவ்வொரு முறையும் நிபுணர் நாற்காலியிலிருந்து எழுந்து போய், புது இடத்தில் மாணவராக உட்கார்ந்தார். பெயர் கெட்டுவிடுமே என்ற பயம் இருப்பவரால் முடியாத காரியம் இது.

அப்பாவோடும் ஒரு தூரம்

1953-ல் சந்திரசேகரும் லலிதாவும் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார்கள். சென்னையில் இருந்த அப்பாவுக்கு அது பெரிய வருத்தம். 1960-ல் அவர் இறக்கும் வரை மகன் நாடு திரும்பவில்லை. இதில் யார் சரி என்று தீர்ப்பு சொல்வது கஷ்டம். தன் வாழ்க்கையைத் தானே தீர்மானித்தவருக்கு அதன் விலையும் தெரிந்தே இருந்தது. கடைசி வரை சைவ உணவும் கர்நாடக இசையும் அந்த வீட்டில் இருந்தன. ஊர் மட்டும் தூரத்தில் இருந்தது.

எடிங்டனோடு கதை எப்படி முடிந்தது? 1939-ல் பாரிஸில் நடந்த ஒரு மாநாட்டில் இருவரும் மறுபடி மோதினார்கள். பிறகு எடிங்டனே தேடி வந்து, மனசு புண்பட்டிருந்தால் வருந்துவதாகச் சொன்னார். கருத்தை மாற்றிக்கொண்டீர்களா என்று சந்திரசேகர் கேட்டார். இல்லை என்று பதில் வந்தது. பிறகு எதற்காக வருத்தம் என்று கேட்டுவிட்டு நகர்ந்துவிட்டார். ஐந்து ஆண்டில் எடிங்டன் இறந்துபோனார். அன்று அப்படி முகத்தில் அடித்தமாதிரிப் பேசியிருக்க வேண்டாமே என்ற வருத்தம் சந்திரசேகருக்குப் பின்னாளில் இருந்தது. 1944-ல் எடிங்டனுக்கான அஞ்சலி உரையில், அந்தக் காலத்தின் தலைசிறந்த வானியலாளர்களில் ஒருவராக அவரை வைத்துப் பேசினார். 1982-ல் எடிங்டன் நூற்றாண்டையொட்டி கேம்பிரிட்ஜில் சொற்பொழிவாற்றியவரும் சந்திரசேகர்தான். அங்கீகாரம் தராதவரை வெறுக்க வேண்டிய கட்டாயமும் அவருக்கு இல்லை.

53 ஆண்டுகளுக்குப் பிறகு

1967-ல் பல்சார்கள் கண்டுபிடிக்கப்பட்டன. அவை சுழலும் நியூட்ரான் நட்சத்திரங்கள் என்பது உறுதியானது. 1970-களில் கருந்துளைக்கான வலுவான சான்றுகளும் வந்தன. கப்பலில் போட்ட கணக்கு, சந்திரசேகர் எல்லை என்ற பெயரில் பாடப்புத்தகத்துக்குப் போனது. 1983 அக்டோபர் 19 அன்று, அவருடைய 73-வது பிறந்தநாளில், இயற்பியல் நோபல் பரிசு அறிவிப்பு வந்தது. வில்லியம் ஃபௌலரோடு பகிர்ந்துகொண்ட பரிசு.

எல்லோரும் இதைச் சுபம் போடும் இடமாகப் பார்த்தார்கள். அவருக்கு முழுத் திருப்தி இல்லை. இளமையில் செய்த ஒன்றையே பிடித்துக்கொண்டு, அதற்குப் பிறகான அரை நூற்றாண்டு உழைப்பைப் பின்னுக்குத் தள்ளுகிறார்களே என்ற ஆதங்கம் இருந்தது. அங்கீகாரம் எப்படி வரும், எதற்காக வரும் என்பது கடைசி வரை நம் கையில் இருப்பதில்லை.

1935-ல் எடிங்டன் கைகுலுக்கிப் பாராட்டியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? இந்தக் கேள்வியை சந்திரசேகரே யோசித்துப் பார்த்திருக்கிறார். கருந்துளை ஆராய்ச்சி பல ஆண்டு முன்னாடியே சூடுபிடித்திருக்கலாம். ஆனால் 24 வயதில் அவ்வளவு பெரிய புகழ் வந்திருந்தால் தான் என்ன ஆகியிருப்போம் என்பதில் அவருக்கே சந்தேகம் இருந்தது. அத்தனை துறைகளில் அத்தனை நிதானமாக உழைத்திருக்க முடியுமா என்பது அவர் எண்ணம்.

நோபல் பரிசுக்குப் பிறகும் அவர் ஓயவில்லை. 80 வயதைத் தாண்டிய பிறகு நியூட்டனின் பிரின்சிபியாவை எடுத்துக்கொண்டார். அதிலுள்ள தேற்றங்களை முதலில் தானே நிறுவிப் பார்ப்பது, பிறகு நியூட்டன் எப்படி நிறுவினார் என்று ஒப்பிடுவது. அந்தப் புத்தகம் 1995-ல் வெளிவந்தது. அதே ஆண்டு ஆகஸ்ட் 21 அன்று சிகாகோவில் காலமானார்.

1999 ஜூலையில் நாசா ஓர் எக்ஸ்-ரே தொலைநோக்கியை விண்வெளிக்கு அனுப்பியது. கருந்துளைகளும் வெடித்துச் சிதறிய நட்சத்திரங்களும் அதன் பார்வையில் முக்கியமானவை. லண்டன் அரங்கம் எந்த முடிவைக் கேட்டுச் சிரித்ததோ, அதே முடிவின் தடயங்களை வானத்தில் தேடும் அந்தக் கருவிக்குப் பெயர், நண்பர்கள் அவரைச் செல்லமாகக் கூப்பிட்ட பெயர்தான்: சந்திரா.